காட்டுக்கு வர்ற காசு யார் கைல தங்குது?

போன இதழ்ல தேக்கடி போயிட்டு வந்தத பத்தி நாலு பாரா எழுதியிருந்தேன். அதுல, ஒரு நேஷனல் பார்க்குக்கு எத்தன பேர் வர்றாங்கன்றத விட அவங்க விடுற காசு யார் கைல தங்குதுன்றதுதான் எனக்கு முக்கியமா படுதுன்னு ஒரு வரி வந்துச்சு. அந்த ஒரு வரிக்குதான் இத்தன லெட்டர். எல்லாத்துக்கும் இடமில்ல, ஆறு மட்டும் எடுத்துக்கிட்டேன்.

கம்பத்துல இருந்து ஒரு வாசகர்: எங்க மாமா குமுளில ஜீப் ஓட்றாரு. சீசன்ல போட் டிக்கெட் கிடைக்காம குடும்பம் குடும்பமா திரும்பி போறாங்க. இன்னும் நெறைய பேர உள்ள விட்டா ஊருக்கே வருமானம்தானே சார், ஏன் இப்டி கைய கட்டி வெக்கிறாங்க?

மாமாவோட கஷ்டம் புரியுது தம்பி. டிக்கெட் கிடைக்கலன்னா அந்த குடும்பம் அன்னிக்கே வண்டிய திருப்பிரும், ரூம் காலியா கெடக்கும், சாயங்காலம் ஏலக்கா கடைக்கும் நேந்திரம் சிப்ஸ் கடைக்கும் ஆள் வராது, மாமா வண்டிக்கும் சவாரி இல்ல. ஆனா ஆள ஏத்திக்கிட்டே போனா என்ன ஆகும்னு அதே ஏரிதான் நமக்கு காட்டுச்சு. 2009 செப்டம்பர் 30, சாயங்கால சவாரிக்கு போன போட் கவுந்து 45 பேர் செத்து போனாங்க. அத மறந்துட்டு கூட்டத்த பத்தி பேச என்னால முடியாது.

சரி, கூட்டத்த கூட்டாம வருமானத்த கூட்ட முடியுமா? அந்த காட்டுலயே பதில் இருக்கு. தேக்கடி பக்கம் வயணை மரம்னு ஒண்ணு உண்டு, காட்டு லவங்கப்பட்ட ஜாதி. அதோட பட்டைய உரிச்சு கடத்துறத பிழைப்பா வெச்சிருந்த ஆளுங்க இருந்தாங்க, மரத்தையே வெட்டி சாய்ச்சு உரிப்பாங்க, தல மேல கேஸுக்கு மேல கேஸ். 90கள்ல உலக வங்கி பண உதவியோட சூழல் மேம்பாட்டு திட்டம் ஒண்ணு தேக்கடி இருக்குற பெரியார் புலிகள் காப்பகத்துக்கு வந்துச்சு. அப்ப வனத்துறை இவங்கள கூப்ட்டு உக்கார வெச்சு பேசுச்சு. காட்டோட மூலை முடுக்கெல்லாம் தெரிஞ்ச ஆளு அவங்கதானே. அவங்களையே கமிட்டியா சேத்து, டூரிஸ்ட்ட காட்டுக்குள்ள கூட்டிட்டு போற வேலைய குடுத்தாங்க. அதுதான் இன்னிக்கு டைகர் ட்ரெயில்னு உலகம் பூரா பேரு வாங்கி இருக்கு. அஞ்சாறு பேருக்கு மேல கூட்டிட்டு போக மாட்டாங்க, கூட துப்பாக்கியோட ஒரு கார்டு வருவாரு, ராத்திரி கூடாரத்துல தங்கல். டூரிஸ்டுக்கு வழி காட்டிக்கிட்டே காட்டையும் காவல் காத்தாங்க, பழைய கடத்தல் பாதை எது எதுன்னு அவங்களுக்கு அத்துப்படி.

நான் போனது ராத்திரி தங்கல் இல்ல, பகல் நடை. கெளம்புறதுக்கு முன்னாடி முழங்கால் வரைக்கும் வர்ற துணி சாக்ஸ் ஒண்ணு குடுத்தாங்க, அட்டை ஏறாம இருக்க. கூட வந்த அண்ணன் மடில இருந்து மூக்குப்பொடி பொட்டலத்த எடுத்து, சாக்ஸ் மேல சுத்தி சுத்தி தடவி விட்டாரு. கொஞ்ச தூரம் போனதும் ஒரு மரத்துக்கிட்ட நின்னு, உரிஞ்சு திரும்ப வளந்த பட்டைய விரலால தொட்டு காமிச்சாரு. "இது மாதிரி எத்தன மரம் போச்சு"ன்னாரு, அவ்ளோதான், மேல பேசல. நானும் கேக்கல.

போட்ல ஏறி ஒன்றரை மணி நேரத்துல எறங்குற ஆளுக்கும், காலைல போய் சாயங்காலம் மூங்கில் தெப்பத்துல இருந்து எறங்குற ஆளுக்கும் உள்ள வித்தியாசத்த மாமாகிட்ட கேளுங்க. ரெண்டாவது ஆள் ராத்திரி குமுளில தங்கித்தான் ஆகணும், சாப்ட்டுதான் ஆகணும், மறுநாள் காலைல மசாலா தோட்டம் பாக்க ஒரு ஜீப் தேடுவாரு. தலைய கூட்டாம தங்குற ராத்திரிய கூட்டுனா ஜீப்காரருக்கும் லாபம்னுதான் நான் நெனைக்கிறேன்.

திருச்சில இருந்து ஒரு காலேஜ் மாணவி: அமெரிக்காவுல நேஷனல் பார்க்குக்கு வருஷம் 33 கோடி பேர் வர்றாங்கன்னு படிச்சேன். அந்த நாட்டு ஜனத்தொகையே அவ்ளோதானே, எப்டி எண்றாங்க?

நல்ல கேள்வி. 33 கோடி "பேர்" இல்லம்மா, 33 கோடி "வருகை". ஒரே ஆள் ஒரே வருஷத்துல பத்து தடவ வந்தா பத்துன்னு கணக்கு. 2024ல கிட்டத்தட்ட 33 கோடியே 18 லட்சம் வருகை, அதுவரைக்கும் இருந்த 2016 ரெக்கார்ட தாண்டிருச்சு. நடுவுல கொரோனா வந்த 2020ல 23 கோடியே 70 லட்சத்துக்கு விழுந்துச்சு. இன்னொன்னு, இதுல யெல்லோஸ்டோன் மாதிரி பெரிய காடு மட்டுமில்ல, நினைவுச்சின்னம், போர்க்களம், கடற்கரைன்னு அந்த நேஷனல் பார்க் சர்வீஸ் கைல இருக்குற நானூத்து சொச்சம் இடமும் சேந்திருக்கு.

எண்றது பெரும்பாலும் ரோட்லதான். தாருக்கு அடியில ஒயர் வளையம் பொதச்சிருப்பாங்க, மேல கார் போனா ஒண்ணு ஏறும். ஒரு கார்ல சராசரியா எத்தன பேர்னு தனியா சர்வே எடுத்து அதால பெருக்குவாங்க. அதனால கேட்ல டிக்கெட்டே இல்லாத பார்க்கையும் எண்ண முடியுது. அங்க நேஷனல் பார்க்னு பேரு வெச்ச இடங்கள்லயே அதிக கூட்டம் வர்ற கிரேட் ஸ்மோக்கி மவுண்டன்ஸ்ல நுழைவு கட்டணமே கெடையாது, 2023ல மட்டும் 1 கோடியே 33 லட்சம் வருகை. டென்னசி மாநிலம் அந்த பார்க் வழியா போற ரோட்ட ஒப்படைக்கும்போது சுங்கம் வாங்க கூடாதுன்னு போட்ட கண்டிஷன் இன்னமும் நிக்குது. கட்டுப்படி ஆகாம 2023 மார்ச்ல இருந்து பார்க்கிங்குக்கு மட்டும் ஒரு நாளைக்கு 5 டாலர் வாங்குறாங்க.

மதுரைல இருந்து ஒரு அம்மா: மக வீட்டுக்கு அமெரிக்கா போறோம், யெல்லோஸ்டோன் கூட்டிட்டு போறேன்றா. எங்கள மாதிரி வெளிநாட்டுக்காரங்களுக்கு கட்டணம் ஏத்திட்டாங்களாமே? வாங்குற காசு என்னதான் ஆகுது?

ஆமாம்மா. ஒரு காருக்கு 35 டாலர், ஏழு நாளைக்கு செல்லும்னு இருந்துச்சு. 2026 ஜனவரி 1ல இருந்து அதுக்கு மேல, அந்த நாட்ல குடியிருக்காதவங்களுக்கு தலைக்கு 100 டாலர் கூடுதல், யெல்லோஸ்டோன் உட்பட 11 பார்க்ல, 16 வயசும் அதுக்கு மேலயும் ஆனவங்களுக்கு. இல்லாட்டி 250 டாலருக்கு வருஷ பாஸ். ரெண்டு மூணு பார்க் போறதா இருந்தா பாஸ் கட்டுப்படியாகும், கெளம்புறதுக்கு முன்னாடி யார் யாருக்கு அது செல்லும்னு மகள பார்க்கோட வெப்சைட்ல பாத்து வெக்க சொல்லுங்க.

கட்டண காசுல குறைஞ்சது நூத்துக்கு 80 அந்த பார்க்லயே தங்கணும்னு 2004ல சட்டம் போட்டாங்க, ரோடு, கழிப்பறை, நடபாதை எல்லாம் அதுல வருது. இது நல்ல சட்டம், நம்ம ஊர்ல புலிகள் காப்பகங்களுக்கு தனி ஃபவுண்டேஷன் வெச்சு கேட் காசு அங்கயே நிக்கட்டும்னு பண்ணதும் இதே எண்ணத்துலதான். ஆனா கேட் காசு சின்ன காசும்மா. பெருங்காசு கேட்டுக்கு வெளிய, ரூம் வாடகையும் ஹோட்டல் சாப்பாடும் பெட்ரோலும்தான். 2023ல வந்தவங்க பார்க்க சுத்தி இருக்குற ஊர்கள்ல செலவு பண்ணது 2,640 கோடி டாலர், அத நம்பி 4 லட்சத்து 15 ஆயிரம் வேலை. நேஷனல் பார்க் சர்வீஸுக்கு அரசாங்கம் அந்த வருஷம் குடுத்த பட்ஜெட் சுமார் 350 கோடி டாலர்தான், யோசிச்சு பாருங்க.

நீங்க வடக்கு வாசல் வழியா போனா கார்டினர்னு ஒரு ஊரு வரும், ஆயிரம் பேர் கூட இல்லாத ஊரு. 2022 ஜூன் 13ஆம் தேதி ஆத்துல வெள்ளம் வந்து அந்த வாசல் ரோட்ட அறுத்துட்டு போயிருச்சு. ஜூன் மாசம்னா அவங்களுக்கு சீசன் தொடக்கம், நம்ம ஊட்டிக்கு மே மாசம் மாதிரி, வருஷம் பூரா சாப்பிட வேண்டியத அந்த மூணு மாசத்துலதான் சம்பாதிக்கணும். பார்க்கோட தெற்கு பக்கம் பத்து நாள்ல தெறந்துட்டாங்க, ஆனா கார்டினர்ல இருந்து பொது வண்டி உள்ள போக அக்டோபர் 30 ஆச்சு, சீசனே முடிஞ்சிருச்சு. 2021ல 48 லட்சத்து 60 ஆயிரமா இருந்த யெல்லோஸ்டோன் வருகை அந்த வருஷம் 33 லட்சத்துக்கு எறங்குச்சு. மரம் நிக்குது, மான் மேயுது, வெந்நீர் ஊத்து பொங்குது, ஒண்ணும் கொறையல, வாசல் மட்டும் மூடிருக்கு, அதுக்கே ஊரு படுத்துருச்சு. 2013 அக்டோபர்ல பட்ஜெட் தகராறுல அரசாங்கமே 16 நாள் மூடினப்பவும் இதே கதைதான், சுத்துப்பட்டு ஊருங்க இழந்த காசு 41 கோடி டாலருக்கு மேல. தாங்க முடியாம சில மாநிலங்கள் சொந்த காச கட்டி பார்க்க தெறக்க வெச்சாங்க. கார்டினர்ல ஒரு காபியாவது குடிச்சுட்டு போங்கம்மா.

யாழ்ப்பாணத்தில இருந்து ஒரு வாசகர்: நாங்கள் குடும்பமா இங்க யால தேசிய பூங்காவுக்கு போனனாங்கள். ஒரு சிறுத்தை மரத்தில படுத்திருக்க, சுத்தி முப்பது ஜீப் நிண்டது. பிள்ளையள் பாத்தது புகையும் தூசியும்தான். இப்பிடி போனா யால என்னத்துக்கு ஆகும்?

நீங்க சொல்றது மனச அறுக்குது. அதே நேரம் அந்த ஜீப்காரங்க பட்ட பாட்டையும் பாக்கணும். இலங்கைக்கு 2018ல 23 லட்சம் வெளிநாட்டு பயணிங்க, 2019ல ஈஸ்டர் குண்டுவெடிப்பு, அப்றம் கொரோனா, 2021ல ரெண்டு லட்சத்த கூட தொடல. 2022ல கொஞ்சம் எட்டிப் பாக்கும்போது டீசல் இல்ல, கியூஆர் கோட காட்டுனா அளந்து ஊத்துறதுதான். கடன் வாங்கி ஜீப் எடுத்தவன் யால பக்கத்து ஊரு திஸ்ஸமஹாராமைல வாசல்ல நிறுத்தி வெச்சு தவண கட்டினான். 2024ல திரும்ப 20 லட்சம் வந்தாச்சு. மூணு வருஷம் பசில கெடந்தவன் இன்னிக்கு சிறுத்தைய காட்டுனாதான் டிப்ஸ்னு ஓட்றான், அவன மட்டும் குத்தம் சொல்ல எனக்கு மனசு வரல.

வேற நாட்ல இதுக்கு எடுத்த வழி ஒண்ண சொல்றேன். ருவாண்டாவுல மலை கொரில்லா பாக்க ஒரு குழுவுக்கு 8 பேர், ஒரு மணி நேரம், அதுக்கு மேல கெடையாது. 2017ல பர்மிட்ட 750 டாலர்ல இருந்து ஒரே அடியா 1,500 ஆக்குனாங்க, அதே நேரம் பார்க் வருமானத்துல சுத்துப்பட்டு ஜனங்களுக்கு போற பங்க நூத்துக்கு 5ல இருந்து 10 ஆக்குனாங்க. ரெண்டையும் சேத்து பண்ணதுதான் எனக்கு புடிச்சிருக்கு. யாலவுக்கு இவ்ளோ வெல வெச்சா உங்க பிள்ளைங்க எப்டி பாக்கும், அதனால அத அப்டியே தூக்கி வெக்க முடியாது. ஆனா உள்ள ஒரு நேரத்துல இத்தன ஜீப்தான்னு எண்ணி விடுறதும், ஜீப்காரனுக்கு மொற வெச்சு நாள் சம்பளம் உறுதி பண்றதும் சேந்து நடக்கணும். மொதல்ல சொன்னத மட்டும் பண்ணா அவன் பட்டினி.

சேலத்துல இருந்து ஒருத்தர்: நேஷனல் பார்க், சரணாலயம் ரெண்டும் ஒண்ணுதானே?

இல்ல. நேஷனல் பார்க்ல மேய்ச்சலுக்கு கூட எடம் கெடையாது, சரணாலயத்துல சில உரிமைகள விட்டு வெக்கலாம். தமிழ்நாட்ல நேஷனல் பார்க் அஞ்சு: கிண்டி, முதுமலை, முக்குருத்தி, ஆனைமலை, மன்னார் வளைகுடா. கிண்டி மூணு சதுர கிலோமீட்டர் கூட வராது.

வருசநாடு பக்கத்துல இருந்து ஒரு அம்மா: எங்க மலைய புலிகள் காப்பகம்னு சொன்னதுல இருந்து மாடு ஓட்டிட்டு போக பயமா இருக்கு. டூரிசம் வரும், வேலை வரும்ன்றாங்க. எம்மகன் பன்னெண்டாவது முடிச்சுட்டு சும்மா இருக்கான். நம்பலாமா?

அம்மா, 2021 பிப்ரவரில ஸ்ரீவில்லிபுத்தூர் மேகமலை புலிகள் காப்பகம்னு அறிவிச்சாங்க. நீங்க இழந்தது அன்னிக்கே நடந்துருச்சு, வர்றதா சொல்ற வேலை எப்பன்னு தேதி இல்ல. அந்த இடைவெளிய உங்க தலைல கட்டுனது சரியில்லன்றதுதான் என் எண்ணம். இன்னொரு விஷயம், புலிகள் காப்பகத்தோட நடுக்காட்ல டூரிசத்துக்கு நூத்துக்கு 20க்கு மேல எடம் விட கூடாதுன்னு 2012ல மத்திய விதி வந்திருக்கு, அதனால ஊருக்கே வேலைன்னு யாராவது சொன்னா நம்பாதீங்க. ஒரு சில பேருக்கு நல்ல வேலை, பல பேருக்கு சீசன் வேலை, அதுதான் நெசம்.

அந்த சில பேர்ல உங்க பையன் இருக்கணும்னா இப்பவே செய்ய வேண்டியது இருக்கு. வெளியூர்ல இருந்து ரிசார்ட் கட்ட வர்றவங்க முதலாளியா வந்து, நம்ம பசங்க பாத்திரம் கழுவுற ஆளா நின்னா காசு அன்னிக்கு ராத்திரியே மலைய விட்டு எறங்கிரும். கிராம சூழல் மேம்பாட்டு குழு இருக்கான்னு ரேஞ்சர் ஆபீஸ்ல கேளுங்க, இருந்தா பேர சேருங்க, இல்லன்னா ஊரா சேந்து மனு குடுங்க. பெரியார் பக்கம் வசந்த சேனான்னு பொம்பளைங்க குழு ஒண்ணு இருக்கு, சம்பளம் வாங்காம தெனமும் மொற போட்டு காட்டுக்குள்ள ரோந்து போறவங்க, சந்தன மரத்த காப்பாத்துனவங்க. அவங்க கத தெரிஞ்சா உங்க ஊரு பொம்பளைங்களுக்கும் பேச தைரியம் வரும். பையன் மாடு மேய்ச்ச காலத்துல தெரிஞ்சிக்கிட்ட பறவை, மரம், தடம் எல்லாத்தையும் ஒரு நோட்டுல எழுதி வெக்க சொல்லுங்க, நீங்க கூப்புடுற பேரு மொதல்ல, அப்றமா இங்கிலீஷ் பேரு. அத வெச்சிருக்குற பையன காலேஜ் படிச்ச கைடு கூட நெருங்க முடியாது.

அப்றம் ஒரு நாள் கம்பம் வழியா குமுளிக்கு பஸ் ஏத்தி விடுங்கம்மா. காலைல ஏழு மணிக்கெல்லாம் தேக்கடி வாசல் பக்கம் அந்த அண்ணமாருங்க சாக்ஸையும் மூக்குப்பொடியையும் எடுத்து வெச்சுட்டு டூரிஸ்டுக்காக நிப்பாங்க. தமிழ் நல்லா பேசுவாங்க. போய் கேக்கட்டும், சொல்லி குடுப்பாங்க.