பறக்கும் தட்டு சதிக் கோட்பாடு: கலைக்களஞ்சியக் கட்டுரையை மதிப்பாய்வுக்கு அனுப்பும் முன் எதைச் சரிபார்க்க வேண்டும்?

அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலத்தில் வானிலிருந்து விழுந்த சிதைவுகள் கிடைத்த ரோஸ்வெல் சம்பவம் பற்றி இணையக் கலைக்களஞ்சியத்துக்கு எழுதிய கட்டுரையை அனுப்பலாமா என்று கும்பகோணத்திலிருந்து கேட்டிருக்கிறீர்கள். முதல் வரியைப் படித்தேன். இப்போதைக்கு அனுப்ப வேண்டாம்.

"1947இல் வேற்றுக்கிரக ஊர்தி விழுந்தது" என்று தொடங்குகிறீர்கள். அது நம்புகிறவர்களின் கூற்று. "விழுந்ததாக நம்புவோர் கூறுகின்றனர்" என்று அவர்கள் வாயிலேயே வையுங்கள். களத்துமேட்டில் நெல் தூற்றிய ஊர்க்காரருக்குப் பதரையும் மணியையும் பிரிக்கச் சொல்லித்தர வேண்டுமா?

அடுத்து, கால வரிசை. 1947 ஜூலை 8 அன்று ரோஸ்வெல் விமானத் தளமே பறக்கும் தட்டு கிடைத்ததாக அறிவித்தது. பிறகு வானிலை பலூன் என்று மாற்றிச் சொன்னார்கள். முப்பது ஆண்டுகள் பெரிதாகப் பேச்சில்லை. சிதைவுகளைச் சேகரித்த ராணுவ அதிகாரி ஜெஸ்ஸி மார்செல் 1978இல் பேட்டியளித்த பிறகுதான் கதை கிளை விட்டது. சோவியத் அணுகுண்டுச் சோதனைகளின் ஒலியைக் கண்டறிய ரகசியமாகப் பறக்கவிட்ட மோகுல் திட்ட பலூனின் சிதைவாகவே அது இருக்கக்கூடும் என்று 1994இல் அமெரிக்க விமானப்படை அறிக்கை கூறியது. அதாவது, அரசு எதையோ மறைத்தது உண்மை. சதிக் கோட்பாடு இத்தனை காலம் தழைத்ததற்கு அதுவே உரம். உங்கள் கட்டுரையில் இந்தப் பகுதியே இல்லை!

யூடியூப் காணொளிச் சான்றுகளை நீக்கிவிடுங்கள். எனது கட்டுரை ஒன்று அதனாலேயே திரும்பி வந்தது. பெயரை ரோஸ்வெல், ராஸ்வெல் என்று இரண்டு விதமாக எழுதாமல் ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள். கொள்ளிடத்துக்கு மேலே உங்கள் சித்தப்பா பார்த்த ஒளி சுவையான செய்திதான். ஆனால் அது சொந்த ஆய்வு, அதாவது வேறெங்கும் வெளியாகாத தகவல்; கட்டுரைக்கு ஆகாது.