14 வயது முடிந்தால் எந்த வேலைக்கும் அனுப்பலாமா?

கேள்வி: என் மூத்த மகன் ஒன்பதாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டான், 14 வயது முடிந்துவிட்டது. வெளியூர் பனியன் கம்பெனியில் 12 மணி நேர ஷிப்டு வேலை வாங்கித் தருவதாக ஒரு ஏஜென்ட் முன்பணத்தோடு வந்திருக்கிறார். 12 வயது இளையவன் என் தம்பியின் மளிகைக் கடையில் உதவுகிறான். இரண்டும் சட்டப்படி சரியா?

பதில்: முதலில் மூத்தவன். 1986-ம் ஆண்டின் குழந்தைத் தொழிலாளர் சட்டம் 2016-ல் திருத்தப்பட்ட பிறகு, 14 முடியாத பிள்ளையை வேலைக்கு வைப்பது எல்லாத் தொழிலிலும் குற்றம். 14 முதல் 18 வரை உள்ளவர்களைச் சுரங்கம், வெடிபொருள், எளிதில் தீப்பற்றும் பொருட்கள், அபாயகரமானவை என்று சட்டம் பட்டியலிட்டுள்ள தொழில்முறைகள் ஆகியவற்றில் சேர்க்கக் கூடாது. மற்ற இடங்களிலும், மூன்று மணி நேரத்துக்கு மேல் தொடர்ந்து வேலை வாங்காமல் ஒரு மணி நேர ஓய்வு தந்து, அந்த ஓய்வையும் சேர்த்து நாளுக்கு ஆறு மணி நேரத்துக்குள் முடித்துவிட வேண்டும்; இரவு 7 முதல் காலை 8 வரை வேலையே கூடாது. ஆகவே அந்த ஏஜென்ட் சொல்லும் 12 மணி நேர ஷிப்டு உங்கள் மகனுக்குச் சட்டவிரோதம்.

முன்பணத்தைத் தயவுசெய்து கையில் வாங்காதீர்கள். "கணக்கு தீரட்டும், பிறகு போகலாம்" என்று பையனை நிறுத்திவைக்கும் பிடி அதுதான். கடனுக்கு ஈடாக ஆளைப் பிடித்துவைப்பது 1976-ம் ஆண்டின் கொத்தடிமை ஒழிப்புச் சட்டப்படி குற்றம். ஆதாரில் வயதை ஏற்றித் தருகிறேன் என்று அவர் சொன்னால், பேச்சை அங்கேயே முடித்துக்கொள்ளுங்கள். ஆதார் பிறந்த தேதிக்குச் சான்று ஆகாது. பிறப்புச் சான்றிதழை மட்டும் நம்புங்கள், அதன் மூலப்பிரதியை யாரிடமும் கொடுக்காதீர்கள்.

இளையவன் விஷயத்தில் சட்டம் ஒரு விலக்குத் தருகிறது. பெற்றோர், உடன்பிறந்தோர், தாய் தந்தையரின் உடன்பிறந்தோர் ஆகியோர் நடத்தும் தொழிலில், அது அபாயமற்றதாக இருந்தால், பள்ளி நேரத்துக்குப் பிறகோ விடுமுறையிலோ பிள்ளை உதவலாம். உங்கள் தம்பி தாய்மாமன் என்பதால் இதற்குள் வருவார். "மாமா" என்று அழைக்கப்படும் பக்கத்துக் கடைக்காரர் வரமாட்டார். ஆனால் பள்ளியை நிறுத்திவிட்டுக் காலையிலேயே கல்லாவில் உட்காரவைத்தால் சொந்தத் தாய்மாமனுக்கும் விலக்கு இல்லை. மாலையில் உதவினாலும், 2017-ல் திருத்தப்பட்ட விதிகளின்படி இரவு 7 முதல் காலை 8 வரை கூடாது, நாளுக்கு மூன்று மணி நேரத்தையும் தாண்டக் கூடாது. அதை மீறினால் சுமை முழுவதும் பிள்ளையின் தூக்கத்தின் மீது விழும்.

கட்டாயக் கல்வியை 14-லேயே முடித்துக்கொண்டு, 18 வரை பிள்ளையை ஏஜென்டின் கண் எதிரே நிறுத்திவைக்கும் இந்த ஏற்பாடு எனக்கு ஒருபோதும் ஒப்பாதது. மூத்தவனுக்குப் பள்ளி பிடிக்கவில்லை என்றால், தேசியத் திறந்தநிலைப் பள்ளியில் 14 முடிந்தவர்கள் பத்தாம் வகுப்புக்குப் பதியலாம். ஏஜென்ட் மீண்டும் வற்புறுத்தினால் குழந்தைகள் உதவி எண் 1098-க்கு அழையுங்கள். அழைப்புக்குக் கட்டணம் இல்லை.