குக்கமா, குப்பமா? – சர்வேயர் பதில்கள்

போன இதழில் ஒரு வாசகருக்குப் பதில் எழுதும்போது, இங்கிலாந்தில் மகள் வீட்டில் இருந்த நான்கு மாதத்தில் நான் அதிகம் சுற்றிய ஊர் தேம்ஸ் நதிக்கரையில் உள்ள குக்கம் என்று ஒரு வரி சேர்த்துவிட்டேன். வழக்கமாகப் பட்டா, உட்பிரிவு, வேலித் தகராறு என்று எழுதுகிறவர்கள் எல்லாம் இந்தத் தடவை அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டார்கள். சரி, ஆயுசு முழுக்கச் சங்கிலி பிடித்து நிலம் அளந்தவனிடம் ஊரைப் பற்றிக் கேட்டால் அவன் கண்ணில் பட்டதுதான் பதிலாக வரும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: ‘குக்கம்’ என்று அச்சாகியிருக்கிறதே, அது ‘குப்பம்’தானே? ஆற்றங்கரை என்று வேறு போட்டிருக்கிறீர்கள்.
– ஒரு வாசகர், ஊரூர் குப்பம்

பதில்: அச்சுப்பிழை இல்லை ஐயா. ஆனால் உங்கள் சந்தேகத்தைப் படித்துவிட்டு வீட்டில் எல்லோரும் சிரித்தோம். இனிமேல் எங்கள் வீட்டில் அதற்குக் குப்பம் என்றுதான் பெயர்.

உங்கள் ஊர் அடையாறு கடலில் சேரும் இடத்தில் இருக்கிறது. இந்தக் குக்கம் கடலிலிருந்து வெகுதூரம் உள்ளே, லண்டனுக்கு மேற்கே, பார்க்‌ஷயர் கவுண்டியில் இருக்கிறது. கவுண்டி என்றால் நம் மாவட்டம் மாதிரி. 346 கிலோமீட்டர் ஓடுகிற தேம்ஸ் இங்கே ஒரு பெரிய வளைவு எடுக்கிறது. அதனால் ஊருக்கு வடக்கிலும் ஆறு, கிழக்கிலும் ஆறு. எல்லைக் கல் நடுகிற வேலை பாதி மிச்சம். பாலத்தைத் தாண்டினால் பக்கிங்ஹாம்ஷயர். அந்தப் பெயர் உங்களுக்குப் பழக்கமானதுதான். உங்களுக்குப் பக்கத்தில் அடையாற்றைக் குறுக்கே கடக்கிற பக்கிங்ஹாம் கால்வாய்க்குப் பெயர் கொடுத்த கவர்னர், பக்கிங்ஹாம் பிரபு. அடையாற்றையும் கூவத்தையும் சேர்க்கிற துண்டை 1877–78 பஞ்சத்தில் நிவாரண வேலையாக வெட்டினார்கள்.

குக்கம் ஒரே பெயரில் மூன்று ஊர். ஆற்றை ஒட்டிய பழைய தெரு ஒன்று. 1854-இல் ரயில் வந்தபிறகு ஸ்டேஷனைச் சுற்றி வளர்ந்தது குக்கம் ரைஸ். மேட்டில், தோப்பும் துரவுமாக இருப்பது குக்கம் டீன். மூன்றையும் சேர்த்தாலும் மக்கள்தொகை 6,000-த்துக்குச் சற்றுக் குறைவு. நம் ஊரில் இரண்டு அபார்ட்மெண்ட் வளாகத்துக்குள் முடிந்துபோகும்.

கேள்வி: ஆற்றங்கரையில் காலி நிலம் பரந்து கிடந்தது என்று எழுதியிருந்தீர்கள். யாரும் வளைத்துப் போடவில்லையா? நம்பவே முடியவில்லை.
– ஒரு வாசகி, சைதாப்பேட்டை

பதில்: நானும் நம்பவில்லை அம்மா. முதல் நாள் ‘இது யார் பெயரில் இருக்கிறது?’ என்றுதான் மருமகனைக் கேட்டேன். அவர் சாஃப்ட்வேர்க்காரர், அவருக்கு எங்கே தெரியும்!

பழைய தெரு முடிந்ததும் குக்கம் மூர் என்று ஒரு புல்வெளி. ஆற்றோரமாக மேலே போனால் காக் மார்ஷ் என்று இன்னொன்று, இதைவிடப் பெரியது, சமதளம், மாடுகள் மேய்கின்றன. ஒரு பக்கம் சுண்ணாம்புக் குன்று, இன்னொரு பக்கம் ஆறு. நடுவே சின்னச் சின்ன மேடுகள். வெண்கலக் காலத்தில் இறந்தவர்களைப் புதைத்து எழுப்பிய ஈம மேடுகள் என்றார்கள். செங்கல்பட்டுப் பக்கம் அளக்கப் போனபோது பழங்காலச் சமாதிகளைச் சுற்றியிருக்கும் கல்வட்டங்களைத் தாண்டித் தாண்டிச் சங்கிலி இழுத்த ஞாபகம் வந்தது.

இந்த மாதிரி நிலத்தை அங்கே ‘காமன்’ என்கிறார்கள். கிராமத்து நிலங்களையெல்லாம் பட்டியலிடும் நம் அ-பதிவேட்டில் மேய்க்கால் புறம்போக்கு என்று எழுதுவோமே, கிட்டத்தட்ட அதுதான். ஒரு வித்தியாசம் உண்டு. நம் புறம்போக்கு அரசுக்குச் சொந்தம். அங்கே காமனுக்கு ஒரு சொந்தக்காரர் இருப்பார், முன்காலத்தில் ஜமீன்தார் மாதிரி ஒரு பிரபு. ஆனால் மாடு மேய்க்கிற உரிமை ஊர்க்காரர்களிடம் இருக்கும். சொந்தக்காரர் நினைத்த மாத்திரத்தில் வேலி போட முடியாது. 18, 19-ஆம் நூற்றாண்டுகளில் இங்கிலாந்து முழுக்கச் சட்டம் போட்டே இப்படிப்பட்ட நிலங்களை வேலிக்குள் கொண்டுபோனார்கள், அது பெரிய கதை. குக்கத்தில் மிஞ்சியதை 1934-இல் உள்ளூர்க்காரர்கள் பணம் சேர்த்து வாங்கி, நேஷனல் டிரஸ்ட் என்ற அறக்கட்டளையிடம் ஒப்படைத்தார்கள். எனக்கு வியப்பாக இருந்தது இதுதான். வாங்கினார்கள், வாங்கியபிறகு தங்களுக்குள் மனை பிரித்துக்கொள்ளவில்லை. 1965-இல் பாராளுமன்றம் ஒரு சட்டம் போட்டு, எந்த காமன் எங்கே, யாருக்கு என்ன உரிமை என்று பதிவேடு எழுத வைத்தது. பதிவேட்டைக் கேட்டதும் எனக்கு மனசு கொஞ்சம் நிம்மதி.

காலியாக விட்டதன் காரணம் மழைக்காலத்தில் தெரியும். தேம்ஸ் பொங்கினால் முதலில் நிரம்புவது இந்த வெளிகள்தான். 2014 பிப்ரவரியில் மூர் முழுக்கத் தண்ணீர் நின்றது. அதற்காகவே மூரின் குறுக்கே ஆள் நடக்க உயர்த்திக் கட்டிய பாதை உண்டு. தண்ணீர் வரும், நிற்கும், போகும் என்று முன்னமே தீர்மானித்துக் கட்டிய பாதை. அதற்காக அங்கே யார் வீட்டுக்குள்ளும் தண்ணீர் போவதில்லை என்று நினைக்காதீர்கள். ஆற்றை ஒட்டிய வீடுகளுக்குள் போகத்தான் செய்கிறது.

அந்தப் பாதையில் நடக்கும்போதெல்லாம் ஜாபர்கான்பேட்டையில் நான் வாங்கிய தரைத்தள வீட்டை நினைத்துக்கொள்வேன். விலை குறைவாக இருந்தது. புலப்படத்தை, அதாவது நில அளவை வரைபடத்தை, நானே பார்த்தேன், பழைய வாய்க்கால் கோடு இரண்டு புல எண் தள்ளி ஓடியது. ‘இரண்டு எண் தள்ளித்தானே’ என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு கையெழுத்துப் போட்டேன். 2015 டிசம்பர் முதல் வாரத்தில் அடையாறு அந்தக் கோட்டையும் தாண்டி என் வீட்டு மின்விசிறி வரைக்கும் அளந்துவிட்டுப் போனது. பில்டரைத் திட்டவில்லை. அவருக்குப் புலப்படம் படிக்கத் தெரியாது, எனக்குத் தெரியும்.

கேள்வி: இங்கிலாந்து ராஜாவுக்குச் சொந்தமான அன்னப்பறவைகளை வருஷா வருஷம் எண்ணுவார்களாமே? பார்த்தீர்களா? அது பாலையும் நீரையும் பிரிக்கிறதா?
– ஒரு வாசகி, மயிலாப்பூர்

பதில்: பாலைப் பிரித்ததை நான் பார்க்கவில்லை. என் பேரன் கையிலிருந்த சாண்ட்விச்சைப் பிரித்தது, அவ்வளவுதான்.

எண்ணுவது உண்மை. ஜூலை மூன்றாவது வாரம், ஐந்து நாள். சன்பரியில் தொடங்கி ஆபிங்டன் வரை, துடுப்புப் படகில், ஆற்றை எதிர்த்து. ராஜாவின் ஆட்கள் சிவப்புச் சட்டை. கூடவே திராட்சை மது வணிகர் சங்கம், சாயக்காரர் சங்கம் என்று லண்டனின் இரண்டு பழைய வணிகக் குழுக்களின் படகுகளும் வரும். 15-ஆம் நூற்றாண்டில் அவர்களுக்கும் அன்னத்தில் பங்கு கொடுத்திருக்கிறார்கள். அந்தக் காலத்தில் அன்னம் விருந்து மேஜைக்கான சொத்து. இப்போது யாரும் சாப்பிடுவதில்லை, குஞ்சுகளை எடைபோட்டு, காயம் உண்டா என்று பார்த்து, காலில் வளையம் மாட்டி விடுகிறார்கள். குக்கம் பாலத்தில் நின்று பார்த்தேன். குஞ்சோடு ஒரு குடும்பம் கண்ணில் பட்டதும் ‘ஆல் அப்!’ என்று ஒரு குரல். படகுகள் எல்லாம் வளைத்துக்கொண்டன. தாய்ப்பறவை விட்ட சீறலை மட்டும் மறக்க முடியாது. 2020-இல் கொரோனாவால் ஆற்றில் இறங்கவே இல்லை.

எனக்குப் பிடித்தது அந்தக் காலத்து அடையாள முறை. மது வணிகர் பறவைக்கு அலகில் இரண்டு கீறல், சாயக்காரர் பறவைக்கு ஒன்று. கீறல் இல்லாததெல்லாம் அரசனுக்கு. நம் புறம்போக்கு விதியேதான், பெயர் எழுதாத நிலம் சர்க்காருக்கு! அந்த இரண்டு ‘நிக்’, அதாவது கீறல், நாளாவட்டத்தில் இரண்டு ‘நெக்’, அதாவது கழுத்து, ஆகிவிட்டது. அதனால்தான் ‘இரண்டு கழுத்து அன்னம்’ என்று அங்கே மதுக்கடைகளுக்குப் பெயர் இருக்கிறதாம். ஹாமில்டன் வாராவதி ‘அம்பட்டன் வாராவதி’ ஆகி, அதைத் திரும்ப ஆங்கிலத்தில் ‘பார்பர்ஸ் பிரிட்ஜ்’ என்று ஆக்கிய ஊர்க்காரர்களுக்கு இதை நான் விளக்க வேண்டுமா?

கேள்வி: குக்கத்தில் ஒரு பெரிய ஓவியர் இருந்தார் என்று எங்கள் ஆசிரியர் சொன்னார். அவரைப் பற்றி?
– கவின் கலைக் கல்லூரி மாணவர், எழும்பூர்

பதில்: தம்பி, படம் வரைவதைப் பற்றி உன் ஆசிரியரைக் கேள். ஆளைப் பற்றி நான் சொல்கிறேன். ஸ்டான்லி ஸ்பென்சர், 1891-இல் குக்கம் தெருவிலேயே பிறந்தவர். லண்டனில் ஸ்லேட் கலைப்பள்ளியில் படிக்கும்போது வகுப்பு முடிந்ததும் ரயிலைப் பிடித்து ஊருக்கு ஓடிவிடுவார். கூடப் படித்தவர்கள் அவருக்கு வைத்த பட்டப்பெயரே ‘குக்கம்’.

அன்னம் எண்ணுவதையே ஒரு படமாக 1915-இல் தொடங்கினார். பாதியில் போருக்குப் போய்விட்டார். மாசிடோனியாப் போர்முனையிலிருந்து திரும்பி வந்தபோது படம் வீட்டில் அப்படியே இருந்தது, 1919-இல் முடித்தார். அதற்குப் பிறகு 1924 முதல் 1927 வரை இன்னொன்று. ஐந்தரை மீட்டர் அகலம். குக்கம் தேவாலயத்துக் கல்லறைத் தோட்டத்தில் செத்தவர்கள் எல்லாரும் கல்லை நகர்த்திவிட்டு, அலட்டிக்கொள்ளாமல், மத்தியானத் தூக்கம் கலைந்த மாதிரி எழுந்து வருகிறார்கள். அந்தத் தோட்டத்தில் நான் நின்று பார்த்தேன். கற்கள் சாய்ந்துதான் இருக்கின்றன.

வயதான காலத்தில் ஒரு பழைய குழந்தைத் தள்ளுவண்டியில் பலகை, வண்ணம், குடை எல்லாம் போட்டுத் தள்ளிக்கொண்டே தெருவில் போவாராம். நம் தெரு இஸ்திரி வண்டிக்காரர் மாதிரி, எங்கே நிழலோ அங்கே கடை. தொந்தரவு செய்யாதீர்கள் என்று ஒரு அட்டையும் எழுதி வைத்திருப்பாராம். 1959-இல் இறந்தார். சிறுவயதில் குடும்பத்தோடு பிரார்த்தனைக்குப் போன சின்ன வெஸ்லியன் தேவாலயமே 1962 முதல் அவர் படங்களுக்கான காட்சிக்கூடம். தள்ளுவண்டியும் அங்கே இருக்கிறது.

கேள்வி: அவ்வளவு பழமையான ஊரா, இல்லை வெள்ளைக்காரன் பெருமை பேசுகிறானா?
– ஒரு வாசகர், பெரம்பூர்

பதில்: பழமைதான். 2021-இல் ரெடிங் பல்கலைக்கழகத்தார் தேவாலயத்துக்குப் பக்கத்தில் தோண்டியபோது எட்டாம் நூற்றாண்டு மடத்தின் தடயம் கிடைத்தது. மெர்சியா என்ற பழைய ஆங்கிலோ-சாக்சன் நாட்டின் அரசன் ஆஃபா 796-இல் இறந்தபிறகு அவன் மனைவி கினெத்ரித் தலைமை வகித்த மடம். தன் பெயரில் நாணயம் வெளியான ராணி அவள். ஆங்கிலோ-சாக்சன் ராணிகளில் வேறு யாருக்கும் அது கிடைக்கவில்லை. தெருமுனையில் ‘டாரி ஸ்டோன்’ என்று ஒரு பாறாங்கல் வேறு. 1507-க்கு முன்பே இதைச் சுற்றி விளையாட்டுப் போட்டி நடந்தது என்று எழுதி வைத்திருக்கிறார்கள். தெற்கே இளவட்டக்கல் பார்த்தவர்களுக்கு உடனே கை பரபரக்கும். நான் முயலவில்லை, முதுகுவலி. அந்தக் கல்லையும் பழைய இடத்திலிருந்து நகர்த்தித்தான் வைத்திருக்கிறார்கள். அது ஒரு காலத்தில் எல்லைக் கல்லாக இருந்தது என்றும் சொல்கிறார்கள். நானாக இருந்தால் நகர்த்த விட்டிருக்க மாட்டேன்.

கேள்வி: தேம்ஸ் கூவம் மாதிரி இல்லாமல் சுத்தமாக ஓடுகிறதா?
– ஒரு வாசகர், சிந்தாதிரிப்பேட்டை

பதில்: பார்க்கச் சுத்தம். ஆனால் குக்கத்துக்குச் சற்று மேலே லிட்டில் மார்லோ உள்ளிட்ட சில கழிவுநீர் நிலையங்களிலிருந்து சுத்தம் செய்யாமல் ஆற்றில் விட்டதற்காக 2017-இல் 2 கோடி பவுண்டுக்கு மேல் அபராதம் விதித்திருக்கிறார்கள். பெருமூச்சு விடுமுன் இதையும் தெரிந்துகொள்ளுங்கள்.

கேள்வி: குக்கம் பாலம் நம்ம ஊர்ப் பாலங்களைவிடப் பழசா? எப்படிப் போவது?
– ஒரு வாசகி, கோட்டூர்புரம்

பதில்: நீல வண்ண இரும்புப் பாலம், 1867. உங்கள் வீட்டுக்கு அருகே அடையாற்றில் துடுப்புப் போடுகிற மெட்ராஸ் போட் கிளப் தொடங்கியதும் அதே வருஷம்தான். பாலத்தில் சுங்கம் வாங்குவதை 1947-இல்தான் நிறுத்தினார்கள். நாம் வேறொன்றை நிறுத்திய வருஷம். லண்டன் பாடிங்டனிலிருந்து மெய்டன்ஹெட் போய், அங்கே மார்லோ போகும் ஒற்றைத் தண்டவாள ரயிலுக்கு மாற வேண்டும். உள்ளூர்க்காரர்கள் அதற்கு வைத்த பெயர் ‘மார்லோ டாங்கி’, கழுதை. கழுதை நேரத்துக்கு வந்தது.

அடுத்த இதழில் மறுபடியும் வேலித் தகராறுகள். பூந்தமல்லி வாசகரின் வரைபடம் வந்து சேர்ந்தது. அதில் வடக்கு எது என்று குறிக்கவில்லை, குறித்து மறுபடி அனுப்பவும்.