பிரேசில் டிவி: ஒரு கடிதம்

அன்புள்ள சார்,

பிரேசிலில் ராணுவ ஆட்சி முடிந்த காலத்தைப் பற்றிய உங்கள் கட்டுரை படித்தேன். 1989 ஜனாதிபதி தேர்தலில் காலோரை ஜெயிக்க வைத்ததே, அங்குள்ள பெரிய டிவி நிறுவனமான குளோபோதான் என்கிறார்கள். அதற்கு ஒரு வரி, ஒரு சீரியலுக்கு அரைப் பக்கமா?

எம்., மதுரை

அன்புள்ள எம்.,

வேண்டுமென்றேதான் அப்படி எழுதினேன். காலோரும் அவரை எதிர்த்து நின்ற லூலாவும் மோதிய கடைசி விவாதத்தை மறுநாள் செய்தியில் குளோபோ வெட்டி ஒட்டிக் காட்டியது உண்மை. காலோரின் நல்ல இடங்கள், லூலாவின் தடுமாற்றங்கள் என்று பொறுக்கிப் போட்டார்கள். அதில் எத்தனை ஓட்டு மாறியது என்று யார் சொல்ல முடியும்? இதே குளோபோ, 1984 ஜனவரியில், ஜனாதிபதியை மக்களே தேர்ந்தெடுக்கும் நேரடித் தேர்தல் கேட்டு சாவோ பாவ்லோவில் திரண்ட பெருங்கூட்டத்தை நகரத்தின் பிறந்தநாள் விழாவோடு சேர்த்துச் சொல்லி மழுப்பியது. கூட்டம் குறைந்ததா? ஏப்ரலில் இன்னும் பெரிதானது. கடைசியில் கேமராதான் கூட்டத்தைத் தேடி வந்தது.

சரி, சீரியலுக்கு வருவோம். 'ரோக்கே சாந்தெய்ரோ'வை 1975-இல், ஒளிபரப்பு தொடங்க வேண்டிய நாளிலேயே தணிக்கை நிறுத்தியது. பத்து வருடம் கழித்து, ராணுவம் போன பிறகு புதிய ஆட்சியில் வந்தது. கதை இதுதான்: ஊரைக் காக்கச் செத்ததாக நம்பப்படும் ஒருவனின் பெயரில் சிலை, வியாபாரம், பதவி. அவன் உயிரோடு திரும்பி வருகிறான். ஊர்ப் பெரிய மனிதர்களுக்கு அவன் செத்தவனாகவே இருப்பதுதான் வசதி. சீரியல் தொடங்க இரண்டு மாதம் முன்னால்தான், ராணுவத்துக்குப் பிறகு ஜனாதிபதியாகத் தேர்வான தான்கிரேதோ நேவெஸ் பதவியேற்காமலேயே இறந்து, முன்பு ராணுவத்தின் கட்சிக்குத் தலைவராக இருந்த துணை ஜனாதிபதி சார்னே ஜனாதிபதியாகியிருந்தார். பார்த்தவர்களுக்கு விளக்கவுரை தேவைப்பட்டிருக்காது.

நீங்கள் கோபப்பட வேண்டிய இடம் வேறு. சார்னே காலத்தில் அரசியல் நிர்ணய சபை கூடியிருந்தபோது, வானொலி, டிவி உரிமங்கள் உறுப்பினர்களுக்கும் அவர்களின் ஆட்களுக்கும் அள்ளிக் கொடுக்கப்பட்டன. சார்னே எத்தனை வருடம் ஆளலாம் என்று முடிவு செய்ய வேண்டியதும் அதே சபைதான்; அது அவருக்கு ஐந்து வருடப் பதவிக்காலம் கொடுத்தது. காலோர் குடும்பத்துக்கும் அலகோவாஸ் மாநிலத்தில் டிவி நிலையம் உண்டு, அதுவும் குளோபோவை ஒளிபரப்பியதுதான். 1988 அரசியல் சட்டப்படி, ஒரு உரிமத்தைப் புதுப்பிக்க மறுக்க வேண்டுமானால் காங்கிரஸில், அதாவது அந்நாட்டு நாடாளுமன்றத்தில், ஐந்தில் இரண்டு பங்கு உறுப்பினர்கள் பகிரங்கமாக வாக்களிக்க வேண்டும். அந்த உறுப்பினர்களில் சிலரே நிலையங்களின் முதலாளிகள்.