ஆங்கிலேயர்களைப் பற்றிச் சொல்லப்படும் கேலிகளில் எது உண்மை?

வரிசை, டீ, மழைப் பேச்சு, எதற்கெடுத்தாலும் 'சாரி' என்று நான்கைச் சொல்லி, இவற்றில் எது நிஜம் என்று கேட்டிருக்கிறீர்கள். நான்கிலுமே உண்மை இருக்கிறது. ஆனால் லெஸ்டரில் ஆறு வருஷம் குடியிருந்த அனுபவத்தில், உங்கள் பட்டியலில் இல்லாத ஐந்தாவதுக்குத்தான் என் ஓட்டு. மலையளவு விஷயத்தையும் கடுகளவாக்கிச் சொல்வார்கள் பாருங்கள், அது.

1982 ஜூன் 24. கோலாலம்பூரிலிருந்து பெர்த்துக்குப் போன பிரிட்டிஷ் ஏர்வேஸின் போயிங் 747, ஜாவாவுக்கு அருகே கலுங்குங் எரிமலை கக்கிய சாம்பலுக்குள் இரவில் நுழைந்துவிட்டது. நான்கு எஞ்சின்களும் நின்றுபோயின. உள்ளே 260க்கும் மேற்பட்டவர்கள். கேப்டன் எரிக் மூடி மைக்கில் பேசினார். நமக்கு ஒரு சின்னப் பிரச்சினை, நான்கு எஞ்சின்களும் நின்றுவிட்டன, மறுபடி ஓடவைக்க எங்களால் ஆனதெல்லாம் செய்கிறோம், உங்களுக்கு ரொம்பச் சிரமம் இருக்காது என்று நம்புகிறேன் என்றார். சின்னப் பிரச்சினையாம்! நல்லவேளையாக எஞ்சின்கள் மறுபடி ஓடி, விமானம் ஜகார்த்தாவில் பத்திரமாக இறங்கியது. இதை எப்போது படித்தாலும் எனக்குச் சிரிப்பு வரும், கூடவே அந்த மனிதர் மேல் பெரிய மரியாதையும் வரும்.

இதே பழக்கம் ஆளை மாட்டிவிட்டதும் உண்டு. 1951 ஏப்ரலில் கொரியப் போரில், இம்ஜின் ஆற்றங்கரையில் பிரிட்டிஷ் ராணுவத்தின் குளோஸ்டர்ஷயர் படைப்பிரிவைச் சீனப் படை சூழ்ந்துகொண்டது. பிரிட்டிஷ் தளபதி பிரிகேடியர் பிரோடி தன் அமெரிக்க மேலதிகாரியிடம், "கொஞ்சம் இக்கட்டாக இருக்கிறது" என்ற தொனியில் சொன்னார். இன்னொரு ஆங்கிலேயர் கேட்டிருந்தால் 'ஐயோ, அழியப்போகிறார்கள்' என்று புரிந்துகொண்டிருப்பார். அமெரிக்கர், சமாளித்துக்கொள்கிறார்கள் போலிருக்கிறது என்று எடுத்துக்கொண்டார். அந்தப் படைப்பிரிவில் பெரும்பாலோர் சிறைபிடிக்கப்பட்டார்கள். ஆகவே இங்கிலாந்துக்கு வேலைக்கோ படிக்கவோ போகிறவர்கள் இந்தப் பேச்சைப் புரிந்துகொள்ளப் பழகுவது அவசியம். 'உங்கள் யோசனை சுவாரசியமாக இருக்கிறது' என்றால் பல சமயம் அது வேண்டாம் என்று அர்த்தம்.

மற்றவை? வரிசை நூற்றுக்கு நூறு நிஜம். 2022 செப்டம்பரில் இரண்டாம் எலிசபெத் ராணியின் உடலுக்கு அஞ்சலி செலுத்த, தேம்ஸ் ஓரமாக மைல்கணக்கில் நின்றார்கள். டேவிட் பெக்காம்கூட 12 மணி நேரத்துக்கு மேல் வரிசையிலேயே நின்றுதான் போனார். வரிசை நிரம்பிவிட்டது, இனி யாரும் சேர வேண்டாம் என்று அறிவித்தபோது, அந்த வரிசையில் சேருவதற்குத் தனியாக ஒரு வரிசை உருவானது.

டீயைப் பொறுத்தவரை, டீ போடுவதற்கென்றே 1980-இல் ஒரு தர நிர்ணய ஆவணம் வெளியிட்டார்கள். 100 மில்லி தண்ணீருக்கு 2 கிராம் இலை, 6 நிமிடம் ஊற வேண்டும். ருசி பார்த்து ஒப்பிடுகிறவர்களுக்காக எழுதியது அது. வீட்டில் யாரும் அளந்து போடுவதில்லை.

நான் அங்கே வேலைக்குச் சேர்ந்து முதல் அறிக்கை கொடுத்தபோது, மேலாளர் படித்துவிட்டு "மோசமில்லை" என்றார். அன்றிரவு எனக்குத் தூக்கமே இல்லை. மறுநாள் பக்கத்து இருக்கைக்காரர்தான் சொன்னார்: "அவர் வாயிலிருந்து அதற்கு மேல் பாராட்டு வந்து நாங்கள் கேட்டதே இல்லை." சொன்னதும் எனக்கு எங்கள் தாத்தா ஞாபகம் வந்துவிட்டது. ஆச்சி காலையிலிருந்து அடுப்படியில் நின்று வைத்த மீன்குழம்பைச் சாப்பிட்டுவிட்டு, "பரவாயில்ல" என்பார். சொல்லிக்கொண்டே மூன்றாம் முறையாகத் தட்டை நீட்டுவார்.