பெட்டிக்குள் எத்தனை பொருள் என்று எண்ணாதீர்கள்: முதல் எலக்ட்ரிக் கிட்டார் கேள்வி பதில்

பல வருடம் லைட் மியூசிக் மேடைகளில் வாசித்துவிட்டு இப்போது வீட்டு மாடியில் கிட்டார் ரிப்பேர் பார்க்கிறேன். குறைந்த விலையில் முதல் எலக்ட்ரிக் கிட்டார் செட் எது வாங்குவது என்று கேட்டவர்களுக்கு ஒவ்வொன்றாகப் பதில். கேள்விகளைக் கொஞ்சம் சுருக்கியிருக்கிறேன், கோபிக்க வேண்டாம்.

கே: ஒன்பதாவது படிக்கும் மகளுக்கு ஆன்லைனில் ஒரு செட் பார்த்தேன் சார். கிட்டார், ஆம்ப், பை, கேபிள், ஸ்ட்ராப், பிக், ட்யூனர், கூடுதல் ஸ்ட்ரிங் எல்லாம் சேர்த்து 9,000 ரூபாய். வாங்கலாமா? (மதுரை)

ப: வாங்கலாம் சார், ஆனால் அந்தப் பட்டியலைப் பார்த்து வாங்காதீர்கள். பை, பிக், ஸ்ட்ராப் எல்லாம் சில நூறு ரூபாய் சமாச்சாரம், எண்ணிக்கையைக் கூட்டிக் காட்டப் போடுவது. காசு உண்மையில் போகவேண்டிய இடம் மரமும் இரும்பும்தான். அதாவது நெக் என்கிற நீளமான கழுத்து நேராக இருக்கிறதா, அதன் குறுக்கே பதித்த ஃப்ரெட் என்கிற உலோகக் கோடுகள் எல்லாம் ஒரே உயரத்தில் இருக்கிறதா, ஸ்ட்ரிங்கை முறுக்கும் ட்யூனிங் கீ பிடித்து நிற்கிறதா. மகள் அரை மணி நேரம் வாசிப்பதற்குள் நான்கு முறை சுருதி இறங்கினால் தனக்கு ஞானம் இல்லை என்று நினைத்துக்கொள்வாள், தப்பு கிட்டார் மேல் என்று பதினான்கு வயதில் தெரியாது. என் முதல் செட்டும் இப்படிப்பட்ட ஒரு பெட்டிதான், கம்பெனி பெயர் வேண்டாம். பன்னிரண்டாவது ஃப்ரெட்டில் ஸ்ட்ரிங்குக்கும் ஃப்ரெட்டுக்கும் நடுவே ஒரு பென்சில் நுழையும், விரல் காய்த்துப்போய் ஆறு மாதம் அதைக் கட்டிலுக்கு அடியில் போட்டுவிட்டேன். பிறகு ஒரு பெரியவர் பத்து நிமிடம் ஸ்க்ரூ டிரைவர் பிடித்ததும் அதே கிட்டார் வாசிக்க வந்தது. நான் ரிப்பேர் பக்கம் வந்ததே அதனால்தான்.

ஆகவே 9,000 என்றால் கிட்டாருக்கு 8,000, மீதியை செட்டப்புக்கு என்று வைத்துக்கொள்ளுங்கள். செட்டப் என்றால் நெக்குக்குள் இருக்கும் ட்ரஸ் ராடைத் திருப்பி வளைவைச் சரிசெய்வது, உடம்பில் ஸ்ட்ரிங்குகள் தாங்கி நிற்கும் பிரிட்ஜில் அவற்றின் உயரத்தைக் குறைப்பது, ஒவ்வொரு ஸ்ட்ரிங்கும் பன்னிரண்டாவது ஃப்ரெட்டில் சரியாக ஒரு ஸ்தாயி மேலே ஒலிக்கிறதா என்று பார்ப்பது. பன்னிரண்டாவது ஃப்ரெட்டில் ஒன்றரையிலிருந்து இரண்டு மில்லிமீட்டர் இடைவெளி இருந்தால் ஆரம்பக்காரர் விரலுக்கு வலிக்காது.

கே: அண்ணா, 20,000 வரை போடலாம். ஸ்குவையர், யமஹா, ஐபனெஸ், கோர்ட் என்று நான்கு பேர் நான்கு சொல்கிறார்கள். (கோவை, கல்லூரி மாணவர்)

ப: தம்பி, நான்கு பேரும் சரியாகத்தான் சொல்கிறார்கள். ஸ்குவையர், ஃபெண்டர் என்ற பெரிய கிட்டார் கம்பெனியின் தங்கை பிராண்டு. சோனிக் வரிசையில் ஸ்ட்ராட்டோகாஸ்டர் வடிவம் எடுத்தால் மூன்று சிங்கிள் காயில் பிக்கப் (இது என்ன, ஹம்பக்கர் என்ன என்று அடுத்த பதிலில் சொல்கிறேன்) இருக்கும், சத்தம் தெளிவாக, மணி மாதிரி வரும். யமஹா பசிஃபிகா 012-இல் இரண்டு சிங்கிள் காயிலும் பிரிட்ஜ் பக்கம் ஒரு ஹம்பக்கரும் இருப்பதால் மெலடியும் போகும், ராக்கும் போகும். என்ன பிடிக்கும் என்றே தெரியாதவர்களுக்கு நான் முதலில் சொல்வது அதைத்தான். ஐபனெஸ் கியோ வரிசையில் நெக் ஒல்லி, வேகமாக வாசிக்க ஆசைப்படுபவர்களுக்குப் பிடிக்கும். கோர்ட் பலருக்குத் தெரியாத பெயர், ஆனால் கொரியாவில் வேறு பெரிய பிராண்டுகளுக்கும் கிட்டார் செய்து கொடுத்த கம்பெனி அது, வேலை சுத்தமாக இருக்கும்.

பிராண்டை விட முக்கியமானது நீங்கள் கையில் எடுக்கும் அந்த ஒரு துண்டு. கடைக்குப் போனால் ஆறு ஸ்ட்ரிங்கையும் முதல் ஃப்ரெட்டிலிருந்து கடைசி வரை ஒவ்வொன்றாக அழுத்தி மீட்டிப் பாருங்கள், எங்காவது செத்த சத்தமோ கிர்ர் சத்தமோ வந்தால் அடுத்ததைக் கேளுங்கள். கேபிளைச் சொருகிக் கொஞ்சம் அசைத்துப் பாருங்கள், வால்யூம் குமிழைத் திருப்பும்போது கரகரக்கிறதா என்று கேளுங்கள். வாசிக்கத் தெரியாதே என்று கூச்சப்பட வேண்டாம், இதற்கு வாசிக்கத் தெரிய வேண்டியதில்லை. சென்னை பக்கம் போனால் அண்ணா சாலை மியூசி மியூசிக்கலில் ஏறிப் பாருங்கள், 1842-இல் தொடங்கிய கடை.

கே: ஹம்பக்கர், சிங்கிள் காயில் என்றால் என்ன? வீட்டில் பிளக் போட்டதும் ஒரே இரைச்சல்.

ப: பிக்கப் என்பது காந்தத்தைச் சுற்றி மெல்லிய செம்புக்கம்பி சுற்றியது, அவ்வளவுதான். இரும்பு ஸ்ட்ரிங் அதன் மேல் அதிர்ந்தால் மின்சாரம் பிறக்கிறது. அப்படி ஒரே ஒரு சுருள் இருந்தால் சிங்கிள் காயில். ஆனால் அந்தச் சுருள் வீட்டு வயரிங்கின் 50 ஹெர்ட்ஸ் இரைச்சலையும் சேர்த்தே பிடிக்கும், ட்யூப் லைட், ஃபேன் ரெகுலேட்டர் பக்கத்தில் இருந்தால் இன்னும் அதிகம். ஹம்பக்கரில் இரண்டு சுருளை எதிரெதிராக வைத்திருப்பார்கள், இரைச்சல் ஒன்றை ஒன்று அடித்துக்கொண்டு போய்விடும், இசை மட்டும் நிற்கும். கிப்சன் கம்பெனியில் சேத் லவர் என்பவர் 1955-இல் செய்தது. ஆகவே உங்கள் கிட்டார் கெட்டுப்போகவில்லை. உட்காரும் இடத்தை மாற்றி, உடம்பைக் கொஞ்சம் திருப்பிப் பாருங்கள், குறையும்.

ஒன்று மட்டும் கவனம். ஸ்ட்ரிங்கைத் தொட்டதும் சுரீர் என்றால் அது இரைச்சல் விஷயம் இல்லை, எர்த் விஷயம். மூன்று பின் பிளக்கை இரண்டு பின் கன்வெர்ட்டரில் மாட்டியிருப்பீர்கள். உடனே நிறுத்திவிட்டு எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள், கிட்டார்காரனை அல்ல.

கே: முதலில் அக்கூஸ்டிக் கற்றுக்கொண்டுதான் எலக்ட்ரிக்குக்குப் போக வேண்டும் என்று மாஸ்டர் சொல்கிறார்.

ப: எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. எலக்ட்ரிக்கின் ஸ்ட்ரிங் மெலிசு, பெரும்பாலும் 9-42 அளவில் (மெல்லிய ஸ்ட்ரிங்கிலிருந்து தடித்த ஸ்ட்ரிங் வரை தடிமன், இன்ச்சில் ஆயிரத்தில் ஒரு பங்குக் கணக்கில்) வரும், அக்கூஸ்டிக்கில் 12-53 கூட இருக்கும். விரல் வலி எதில் குறைவு என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். காதில் எந்த இசை ஓடுகிறதோ அந்தக் கிட்டாரை எடுங்கள். மாஸ்டரிடம் என் பெயரைச் சொல்ல வேண்டாம்.

கே: அபார்ட்மென்ட்டில் இருக்கிறேன், பாப்பா தூங்கிய பிறகுதான் வாசிக்க நேரம். ஆம்ப் இல்லாமல் நேரடியாக ஹோம் தியேட்டரிலோ ப்ளூடூத் ஹெட்போனிலோ வாசிக்க முடியாதா? (சென்னை, ஐடி வேலை)

ப: ஹோம் தியேட்டரில் சொருகினால் சத்தம் வரும், ஆனால் மொட்டையாக, கம்பி மேல் கல் விழுந்த மாதிரி இருக்கும். கிட்டார் சத்தம் என்று நாம் நினைப்பதில் பாதி ஆம்ப்பும் அதன் ஸ்பீக்கரும் செய்வது. ப்ளூடூத் ஹெட்போன் வேண்டவே வேண்டாம் மேடம், மீட்டிய பிறகு ஒரு கணம் கழித்துத்தான் காதுக்கு வரும், தாளமே போய்விடும். வயர் வைத்த ஹெட்போன் எடுங்கள்.

உங்களுக்கு மூன்று வழி. ஒன்று, வாக்ஸ் ஆம்ப்ளக் மாதிரி கிட்டாரிலேயே நேராகச் சொருகும் சின்ன ஹெட்போன் ஆம்ப், தீப்பெட்டியை விடக் கொஞ்சம் பெரிசு. இரண்டு, ஹெட்போன் ஓட்டை உள்ள சின்ன ஆம்ப்: பிளாக்ஸ்டார் ஃப்ளை 3 மூன்று வாட், பாஸ் கட்டானா மினி ஏழு வாட், ஃபெண்டர் ஃப்ரன்ட்மேன் 10ஜி பத்து வாட். வீட்டுக்கு மூன்று வாட்டே அதிகம், நம்பாவிட்டால் கீழ்வீட்டுக்காரரைக் கேளுங்கள். மூன்று, ஏற்கெனவே லேப்டாப் இருப்பதால் ஃபோக்கஸ்ரைட் ஸ்கார்லெட் மாதிரி, கிட்டாரை லேப்டாப்போடு இணைக்கும் ஒரு ஆடியோ இன்டர்ஃபேஸ் வாங்கி, இலவசமாகக் கிடைக்கும் ஆம்ப் சாஃப்ட்வேரில் வாசிப்பது. ஐடிக்காரர்கள் எல்லாரும் மூன்றாவதைத்தான் எடுக்கிறார்கள், ஆனால் ராத்திரி பத்தரை மணிக்கு லேப்டாப்பைத் திறந்து டிரைவர் அப்டேட் பார்த்துவிட்டு மெயிலையும் ஒரு தடவை பார்த்துவிட்டு வாசிக்காமலே தூங்கிவிடுகிறார்கள். நான் உங்கள் இடத்தில் இருந்தால் முதல் வழி.

கே: அண்ணன் அமெரிக்காவிலிருந்து பொங்கலுக்கு வருகிறான். அங்கே செட் மலிவு என்கிறான். வாங்கிவரச் சொல்லலாமா?

ப: கிட்டார் மட்டும் என்றால் சரி. ஆம்ப் வேண்டாம். அங்கே 120 வோல்ட், இங்கே 230. அப்படியே சொருகினால் பட்டென்று போகும். இரண்டு வோல்ட்டேஜுக்கும் ஓடும் அடாப்டர் என்று அதன் மேலேயே அச்சடித்திருந்தால் மட்டும் கொண்டுவரலாம். பெட்டியில் போடும்போது ஸ்ட்ரிங்கைக் கொஞ்சம் தளர்த்தி, தலைப்பகுதிக்கு அடியில் துணி சுருட்டி வைக்கச் சொல்லுங்கள், உடைந்தால் முதலில் உடைவது அங்கேதான். வந்து இறங்கியதும் வாசிக்காதீர்கள், இரண்டு நாள் நம் ஊர்க் காற்று பட்ட பிறகு செட்டப் பண்ணுங்கள், குளிர்நாட்டு வீட்டு ஹீட்டரில் இருந்த மரம் இங்கே வந்ததும் வளையும். கஸ்டம்ஸ் கணக்கை அண்ணனே விசாரித்துக்கொள்ளட்டும்.

கே: எட்டு வயது பையன். முழு சைஸ் பிடிக்க முடியவில்லை. (தஞ்சாவூர்)

ப: முழு சைஸ் ஸ்ட்ராட்டோகாஸ்டரின் ஸ்கேல், அதாவது அதிரும் ஸ்ட்ரிங்கின் நீளம், 25.5 இன்ச். ஸ்குவையர் மினி ஸ்ட்ராட் 22.75, ஐபனெஸ் மிக்ரோ 22.2 இன்ச். இரண்டில் எது கிடைத்தாலும் சரி. வளர்ந்த பிறகும் பயணத்துக்கு ஆகும்.

கே: இளையராஜா பாட்டில் வரும் பேஸ் மாதிரி வாசிக்கத்தான் ஆசை. இந்த செட்டே போதுமா?

ப: போதாது, நீங்கள் கேட்பது வேறு வாத்தியம். பேஸ் கிட்டாரில் நான்கு ஸ்ட்ரிங், ஸ்கேல் சாதாரணமாக 34 இன்ச், கடைசி ஸ்ட்ரிங் கிட்டாரின் கடைசி ஸ்ட்ரிங்கை விட ஒரு ஸ்தாயி கீழே. பேஸை ஒரு குட்டி கிட்டார் ஆம்ப்பில் சொருகிச் சத்தமாக வைத்தால் ஸ்பீக்கர் கிழிந்துவிடும். அந்த ஆசை உறுதியாக இருந்தால் நேராகப் பேஸ் செட்டே வாங்குங்கள், ஆறு ஸ்ட்ரிங் வழியாகச் சுற்றிப் போகத் தேவையில்லை. நல்ல பேஸ் வாசிப்பவருக்குக் குழுக்களில் எப்போதும் இடம் இருக்கிறது, கிட்டார்காரன் தெருவுக்கு நான்கு பேர்.

கே: மேலும் கீழும் ஆட்டும் லீவர் வைத்த, ஸ்ட்ரிங்கைப் பூட்டுகிற பிரிட்ஜ் உள்ள கிட்டார் செகண்ட் ஹாண்டில் கிடைக்கிறது. பார்க்க ஜம்மென்று இருக்கிறது அண்ணா.

ப: ஃப்ளாய்ட் ரோஸ் வகை. வேண்டாம் தம்பி, முதல் கிட்டாருக்கு வேண்டாம். ஒரு ஸ்ட்ரிங்கை மாற்றினால் மற்ற ஐந்தும் இறங்கும், அந்த ஐந்தைச் சரிசெய்தால் இது இறங்கும். மலிவுக் கிட்டாரில் அந்தப் பாகத்தின் இரும்பும் மட்டமாக இருக்கும். செகண்ட் ஹாண்ட் வாங்குவது நல்ல யோசனைதான், லாக்டவுனில் வாங்கிவிட்டு மூலையில் சாத்திவைத்த கிட்டார்கள் ஊரெல்லாம் இருக்கின்றன. ஆனால் பிரிட்ஜ் அசையாததாக, இல்லாவிட்டால் சாதாரண ஸ்ட்ராட் பிரிட்ஜாகப் பாருங்கள். ஃப்ரெட்டில் ஸ்ட்ரிங் தேய்த்த பள்ளம் ஆழமாக இருந்தால் விலையைக் குறைக்கச் சொல்லுங்கள், ஃப்ரெட் மாற்றும் செலவு பாதிக் கிட்டார் விலை.

கே: இடது கைக்காரி நான். செட் எதுவும் கிடைக்கவில்லை.

ப: ஜிமி ஹென்ட்ரிக்ஸ் வலது கைக் கிட்டாரைத் திருப்பிப் பிடித்து வாசித்தவர்தான், ஆனால் அவரைப் பார்த்து நட்டை (தலைப்பகுதிக்குப் பக்கத்தில் ஸ்ட்ரிங் உட்காரும் பள்ளம் வைத்த துண்டு) அறுத்து ஸ்ட்ரிங்கை மாற்றிப் போடும் வேலை ஆரம்பத்தில் எதற்கு. கடையில் ஒரு சாதாரணக் கிட்டாரைப் பத்து நிமிடம் மடியில் வைத்துப் பாருங்கள், பலருக்குச் சட்டென்று பழகிவிடும். கை ஒத்துக்கொள்ளவே இல்லை என்றால் இடது கை மாடலுக்கு ஆர்டர் கொடுத்துக் காத்திருங்கள்.

கே: சார், நீங்கள் பதில் எழுதுவதற்குள் நான் அந்த 9,000 ரூபாய் செட்டை வாங்கிவிட்டேன். நேற்றுதான் வந்தது. இப்போது என்ன செய்வது? (நாகர்கோவில்)

ப: ஒன்றும் குடி முழுகிவிடவில்லை. பக்கத்து ஊரில் செட்டப் பண்ணத் தெரிந்தவரைக் கண்டுபிடியுங்கள். பெட்டியோடு வந்த ஸ்ட்ரிங்கை அப்போதே கழற்றிவிட்டு ஒரு நல்ல 9-42 செட் போடச் சொல்லுங்கள், எலக்ட்ரிக் செட் என்று பார்த்து வாங்குங்கள், அக்கூஸ்டிக் ஸ்ட்ரிங் போட்டால் தடித்த ஸ்ட்ரிங்குகள் பிக்கப்பில் சரியாகக் கேட்காது. உங்கள் பக்கம் உப்புக்காற்று வேறு, வாசித்து முடித்ததும் பனியன் துணியால் துடைத்துவையுங்கள், இல்லாவிட்டால் மாதத்தில் துரு பிடிக்கும். கேபிள் எப்படியும் சீக்கிரம் அறுந்துவிடும், அப்போது மூன்று மீட்டரில் ஒன்று தனியாக வாங்கிக்கொள்ளலாம். பையை நம்பி பஸ்ஸில் ஏறாதீர்கள். அந்த ட்யூனரைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், பெட்டியிலேயே உருப்படியான பொருள் அதுதான்.