முற்பணம் கட்டினால் குழந்தைப் புற்றுநோய் டாக்டர் ஆகலாமா?

மட்டக்களப்பு மாவட்டம் களுவாஞ்சிகுடியிலிருந்து ஒரு தாயார் கேட்கிறார்: "மகள் உயர்தரத்தில் உயிரியல் பிரிவு. முதல் தடவையில் பல்கலைக்கழகம் போகத் தேவையான இசட் புள்ளி போதாமல் போய்விட்டது. சொந்தத்தில் ஒரு பிள்ளைக்கு இரத்தப் புற்றுநோய் வந்த பிறகு, அதற்கே டாக்டராக வேண்டும் என்று நிற்கிறாள். வெளிநாட்டில் ஆறு வருடத்தில் அந்தப் படிப்பையே முடிக்கலாம், முற்பணம் கட்டினால் சீட் உறுதி என்கிறார் ஒரு ஏஜென்சிக்காரர். பாஸ்போர்ட்டும் அவரிடம்தான். காணியை ஈடு வைக்கலாமா?"

வைக்காதீர்கள், அம்மா. அப்படி ஒரு ஆறு வருடப் படிப்பே கிடையாது. எங்கே படித்தாலும் முதல் பட்டம் பொது மருத்துவம்தான். அதன் பிறகு ஆஸ்பத்திரியில் ஒரு வருட உள்ளகப் பயிற்சி (இன்டர்ன்ஷிப்), மருத்துவ சபைப் பதிவு, கொழும்பில் பட்டப்பின் படிப்புக்கான போட்டிப் பரீட்சை, வருடக்கணக்கில் வார்ட் வேலை. நிபுணராகி நிற்கும்போது மகளுக்கு முப்பத்தைந்து வயது நெருங்கியிருக்கும். சில நாடுகளில் முதல் பட்டத்துக்கே எம்.டி. என்று பெயர் போடுவார்கள். அதைக் காட்டி 'நிபுணர் பட்டம்' என்று விற்பது இவர்களின் பழைய வேலை.

இவ்வளவு காலம் ஏன்? பிள்ளைகளுக்கு அதிகம் வரும் இரத்தப் புற்றுநோய்க்குச் சிகிச்சையே இரண்டு வருடத்துக்கு மேல் நீளும். வின்கிரிஸ்டின் என்றொரு மருந்து இரத்த நாளத்தில் ஏற்றினால் உயிர் காக்கும். கைதவறி முதுகுத்தண்டில் ஏற்றினால் உயிரை எடுக்கும். வெள்ளை அணுக்கள் இறங்கியிருக்கும் பிள்ளைக்குச் சாதாரணக் காய்ச்சல் என்றாலும் விடியும்வரை பார்த்திருக்க முடியாது.

வெளிநாட்டுப் பட்டம் எல்லாமே வீண் என்று சொல்லவில்லை. பல்கலைக்கழகத்தை இலங்கை மருத்துவ சபை ஏற்றிருக்க வேண்டும். மகள் உயர்தரத்தில் உயிரியல், இரசாயனவியல், பௌதிகவியல் மூன்றிலும் சேர்த்துக் குறைந்தது இரண்டு 'சி'யும் (திறமைச் சித்தி) ஒரு 'எஸ்'ஸும் (சாதாரண சித்தி) எடுத்திருக்க வேண்டும். திரும்பி வந்து மருத்துவ சபையின் பதிவுப் பரீட்சையிலும் தேற வேண்டும். இவை மூன்றும் சரியென்றால் அவளும் அதே உள்ளகப் பயிற்சி, அதே பட்டப்பின் பரீட்சை என்ற வழியில்தான் போவாள். மூன்றில் ஒன்று பிசகினாலும் இங்கே டாக்டராக வேலை செய்ய முடியாது. பல்கலைக்கழகம் பட்டியலில் இருக்கிறதா என்பதை ஏஜென்சியின் கலர் புத்தகத்தில் பார்க்காமல் மருத்துவ சபையிடமே நேரில் கேளுங்கள். ரசீதையும் பாருங்கள். 'பதிவுக் கட்டணம், திருப்பித் தரப்படாது' என்று பொடி எழுத்தில் இருக்கும். பல்கலைக்கழகத்தின் பெயர் இராது.

இவர்களுக்குச் சோறு போடுவது நம் அமைப்புதான். பெறுபேறு வரத் தாமதம், பல்கலைக்கழகம் போகத் தாமதம், படித்து முடித்தவருக்கு உள்ளகப் பயிற்சி நியமனம் வரவும் தாமதம். பிள்ளை வீட்டில் சும்மா இருக்கிற மாதங்களில்தான் ஏஜென்சிக்காரர் கதவைத் தட்டுகிறார்.

மகள் ஒரு தடவைதான் எழுதியிருக்கிறாள்; மூன்று தடவை எழுதலாம். மருத்துவபீட இடங்களில் 40 வீதம்தான் நாடளாவிய திறமைக்கு. 55 வீதம் மாவட்டங்களுக்கு, 5 வீதம் பின்தங்கிய மாவட்டங்களுக்கு. மட்டக்களப்பு அந்தப் பின்தங்கிய பட்டியலிலும் இருக்கிறது. கிடைத்தால் கிழக்குப் பல்கலைக்கழகத்திலேயே கட்டணமில்லாமல் படிக்கலாம். எந்தப் பாடத்தில் புள்ளி விழுந்தது என்று பார்த்து, அதற்கு மட்டும் நல்ல ஆசிரியரைப் பிடியுங்கள்.

அதற்கு முன், நாளைக்கே போய்ப் பாஸ்போர்ட்டை வாங்கிவிடுங்கள். அதைப் பிடித்து வைக்க அவருக்கு எந்த உரிமையும் இல்லை. தர மறுத்தால் பொலிஸில் முறைப்பாடு போடுங்கள்.